சிரித்தது நான்தான்

1

போன கிழமை எங்கள் நகரசபையில் இருந்து ஒரு கடிதம் வந்தது. நான் சுவிஸ் கடவுச்சீட்டுக்கு விண்ணப்பித்திருக்கிறேன். முப்பத்திரண்டு வருடம் இங்கே இருந்த பிறகு. கடிதத்தில் ஒரேயொரு கேள்விதான் இருந்தது. போன வருடம் வேலையிடத்தில் எழுத்தில் ஓர் எச்சரிக்கை வாங்கியிருக்கிறீர்கள். அது எதற்காக என்று உங்கள் சொந்தச் சொற்களில் எழுதி அனுப்பவும்.

நான் ஊரில் எட்டாம் வகுப்பு வரை போனவன். சொந்தச் சொற்கள் என்னிடம் அதிகம் இல்லை. ஜெர்மன் மொழியில் இன்னும் குறைவு. நாலு வரி எழுதினேன்.

மகள் வாசித்தாள். இங்கே பிறந்த பிள்ளை. என்னுடைய கடிதம் எல்லாம் அவள் கண்ணில் பட்டுத்தான் போகும்.

"அப்பா, நாலாவது வரி தேவையில்லை."

"எது?"

"'சிரித்தது நான்தான்' எண்டு எழுதியிருக்கிறியள். அவை அதைக் கேக்கேல்லை."

"அதுதானே நடந்தது."

பேனையை மேசையில் வைத்துவிட்டு எழும்பிப் போய்விட்டாள். கடிதம் மேசையில் கிடக்கிறது. நாலு வரியில் அடங்காததை இங்கே எழுதுகிறேன். ஊரில் இருந்து வாசிக்கிறவர்களுக்கு இது பெரிய கதை இல்லை. ஆனால் உங்கள் கையிலும் ஃபோன் இருக்கிறது.

2

ஓல்டனில் ஒரு முதியோர் இல்லம். அங்கே உடுப்புத் தோய்க்கும் பகுதியில் பதினைந்து வருடமாக நிற்கிறேன். நிலத்துக்குக் கீழே. கூரையோடு ஒட்டி ஒரு சின்ன யன்னல் உண்டு. அதால் ரயில் சத்தம் மட்டும் வரும்.

என் வேலை பெயர் ஒட்டுவது. ஒவ்வொருவருடைய உடுப்பின் கழுத்துப் பக்கமும் ஒரு சின்ன வெள்ளைத் துணி இருக்கும். அதில் பெயர், அறை இலக்கம். சூடான இயந்திரத்தில் வைத்துப் பன்னிரண்டு விநாடி அழுத்தினால் பிறகு எத்தனை தரம் தோய்த்தாலும் கழராது. ஒட்டாவிட்டால் ஒருவர் காலுக்குப் போடும் மேஸ் இன்னொருவருடைய அலுமாரியில் கிடக்கும். ஒரு சோடி மேஸுக்கு மேலே பெரிய சண்டை நடக்கும். நான் சிரிப்பதில்லை. தொண்ணூறு வயதில் அவர்களிடம் தங்களுடையது என்று மிஞ்சியிருப்பது உடுப்புத்தான்.

என்னோடு லோர்னா. பிலிப்பீன்ஸ்காரி. இலோயிலோ என்ற ஊர். சுவிஸ்காரர் ஒருவரைக் கட்டி வந்தவள், பிறகு பிரிந்துவிட்டாள். தாய் ஊரில், இவளை நம்பி இருக்கிறார். என்னைக் கூயா என்று கூப்பிடுவாள். அவர்கள் மொழியில் அண்ணை. எங்களுக்குப் பொதுவாக இருப்பது உடைந்த ஜெர்மன். இங்கே எல்லாவற்றையும் எங்கள் தமிழில் எழுதுகிறேன், அப்படித்தான் என் காதில் கேட்கிறது.

ஒன்பது மணிக்கு ஓர் இடைவேளை. ஸ்நூனி என்பார்கள். பாணும் கோப்பியும். லோர்னா ஃபோனைச் சவர்க்காரப் போத்தலில் சாய்த்து வைப்பாள். நாங்கள் அந்த மனிதரைப் பார்ப்போம்.

பெயரை எழுதவில்லை. அவர் நாட்டில் அவரைத் தெரியாதவர் இல்லை. முன்பு தொலைக்காட்சியில் ஒவ்வொரு நாளும் மத்தியானம் வருவாராம். சனம் சோற்றுக் கோப்பையோடு முன்னால் இருக்குமாம். அந்த நிகழ்ச்சி நின்றுபோக, மனிதர் ஃபோனுக்கு வந்துவிட்டார். பாட்டு, பகிடி, சவர்க்கார விற்பனை எல்லாம் அதில்தான். பேர்போன பகிடி ஒன்று உண்டு. சந்தைக்குப் போகிற கிழவி. முதுகை வளைத்து, முழங்காலை அகட்டி, மீன்காரனோடு சண்டை பிடிப்பார். எனக்கு ஒரு சொல் விளங்காது. நடையே போதும்.

என் மனைவி ஆஸ்பத்திரியில் கிடந்த வருடம் நான் வேறெங்கும் சிரிக்கவில்லை. அந்தப் பத்து நிமிடம் மட்டும் சிரித்தேன். மனைவி போய் ஆறு வருடம். அந்தப் பத்து நிமிடத்துக்காக அந்த மனிதருக்கும் லோர்னாவுக்கும் எனக்கு நன்றி உண்டு. மற்றதைச் சொல்ல முதல் இதைச் சொல்லிவிட வேண்டும்.

3

போன வருடம் அந்த மனிதர் இங்கே வின்டர்தூர் நகரத்துக்கு வந்தார். அங்கே பிலிப்பீன்ஸ்காரரின் கலைநிகழ்ச்சி. இப்போது இப்படி வருகிறவர்கள் இன்னொன்றும் செய்கிறார்கள். வெளிநாட்டில் வேலை செய்கிற ஒருவரைப் பிடிப்பார்கள். ஊரில் தாயிடம் ஒரு பெட்டி வாங்கி வந்து, சொல்லாமல் கொள்ளாமல் முன்னால் போய் நிற்பார்கள். அவர் அழுவார். அதைப் படம் பிடிப்பார்கள். லோர்னாவின் தங்கை மகள் லோர்னாவின் பெயரை அனுப்பியிருக்கிறாள். லோர்னாவுக்குத் தெரியாது.

சனிக்கிழமை. மேலே அலுவலகம் பூட்டு. பின்கதவு மணி அடித்தது. அந்தக் கதவை உள்ளே இருந்துதான் திறக்கலாம். வெளியாட்களை விடக்கூடாது என்று கதவிலேயே ஒட்டியிருக்கிறது. ஐந்து மொழியில். தமிழும் ஒன்று. அதை எழுதிக் கொடுத்தது என் மகள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அந்த மனிதர் நின்றார். ஃபோனில் பார்ப்பதைவிடக் கட்டை. கையில் பெட்டி. பின்னால் கமராவோடு ஒரு பெண். வாயில் விரலை வைத்து, சத்தம் போடாதே என்று எனக்குக் காட்டினார். ஆறேழு வருடம் தெரிந்த ஆள் வந்தது மாதிரி இருந்தது. திறந்துவிட்டேன்.

லோர்னா திரும்பிப் பார்த்துக் கத்தினாள். கையிலிருந்த துவாய் எல்லாம் கீழே. பெட்டிக்குள் தாய் காயவைத்த மாம்பழம், ஒரு போத்தல் இறால் ஊறல், லோர்னாவின் பள்ளிக்கூடப் படம். அழுதாள். நானும் கண்ணைத் துடைத்தேன். அதோடு போயிருந்தால் நல்லது.

தள்ளுவண்டியில் ஓர் ஊதாச் சுவெட்டர் இருந்தது. அப்போதுதான் பெயர் ஒட்டி வைத்தேன். பதினோராம் அறையில் இருக்கிற ஃப்ராவ் எக்லி என்ற அம்மாவுடையது. மனிதர் அதை எடுத்துப் போட்டார். முதுகை வளைத்தார். இரண்டு இயந்திரங்களுக்கு நடுவில் நடந்து வந்து, ஓர் இயந்திரத்தின் கதவைத் திறந்து, மீன் நல்லதில்லை என்று அதோடு சண்டை பிடித்தார்.

நான் சிரித்தேன். நிற்க முடியாமல் சுவரில் கையை ஊன்றிக்கொண்டு சிரித்தேன். லோர்னா அவரிடம் இரண்டு தரம் ஏதோ சொன்னாள். அதுவும் பகிடியில் சேர்த்தி என்று நினைத்தேன்.

பிறகுதான் தெரியும். "கழட்டுங்கோ, அது ஒரு அம்மாவின்ர உடுப்பு" என்று சொல்லியிருக்கிறாள். வீடியோவில் அது இல்லை. வெட்டிவிட்டார்கள். என் சிரிப்பை வெட்டவில்லை.

4

நடக்கும்போது சுவெட்டரின் கழுத்து வெளியே புரண்டிருக்கிறது. பெயரும் அறை இலக்கமும் தெரிந்தன. நான் வடிவாக ஒட்டியிருந்தேன். நல்ல தெளிவு.

முதல் இரண்டு நாள் எல்லோரும் சிரித்தார்கள். ஃப்ராவ் எக்லியின் பேரன் வின்டர்தூரில் இருக்கிறான். அவன் கட்டியது ஒரு பிலிப்பீன்ஸ் பிள்ளையை. அந்தப் பிள்ளை பெயரைப் பார்த்தது. இல்லத்துக்கு அறிவித்தது. வீடியோவின் கீழேயும் எழுதியது: இது என் புருசனின் அம்மம்மாவின் உடுப்பு.

அங்கேதான் எல்லாம் மாறியது. பெரியவர்களைக் கண்டால் அவர்களின் கையை எடுத்துத் தங்கள் நெற்றியில் வைக்கிற சனம் அது. அந்த அம்மாவிடம் கேட்டீர்களா, அவவுக்குத் தெரியுமா என்று ஆயிரக்கணக்கில் கேட்டார்கள். நியாயமான கேள்வி. ஆனால் பதில் வரவில்லை என்றதும் கேட்பதை விட்டுவிட்டு ஆள் தேடத் தொடங்கினார்கள். லோர்னா அகப்பட்டாள். கிழவியின் உடுப்பைக் கொடுத்தவள் என்று ஏச்சு. ஊரில் தாயின் ஃபோனுக்கும் போய் ஏசினார்கள்.

பிறகு மனிதர் மன்னிப்பு வீடியோ போட்டார். வெள்ளைச் சேட்டு. முகத்தில் பூச்சு இல்லை. யாராவது புண்பட்டிருந்தால் மன்னியுங்கள் என்றார். கண் கலங்கியது. அவர் அழுதது பொய் என்று நான் சொல்ல மாட்டேன்.

லோர்னா பாணைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்தாள்.

"இருந்தால் எண்டு என்ன கதை, கூயா? புண்பட்ட ஆள் மேல இருக்கிறா. பதினோராம் அறை. லிஃப்டில ரெண்டு நிமிசம். இவர் ஆரிட்ட மன்னிப்புக் கேக்கிறார்?"

"பாக்கிற ஆக்களிட்ட."

"பாக்கிற ஆக்களுக்கு என்ன நடந்தது? அவை பாத்தவை, சிரிச்சவை. அவையிட்ட ஏன் கேப்பான்?"

நான் எழும்பிக் கோப்பையைக் கழுவினேன்.

அதையே அவள் தன் பெயரில் வீடியோவின் கீழே எழுதினாள். மனிதரின் ரசிகர்கள் விடவில்லை. நண்டு, நண்டு என்று எழுதினார்கள். வாளிக்குள் கிடக்கிற நண்டுகளில் ஒன்று மேலே ஏறினால் மற்றது காலைப் பிடித்து இழுக்குமாம். தன் ஆளைத் தானே இழுத்து விழுத்துகிறவர்களுக்கு அங்கே அதுதான் பெயர். ஒரு பக்கம் கிழவியை விற்றவள். மறுபக்கம் நண்டு. பெரிய வாளி. எல்லோரும் அவளையே பிடித்தார்கள்.

என்னை ஒருவரும் தேடவில்லை. வீடியோவில் எனக்கு முகம் இல்லை.

5

வியாழக்கிழமை இல்லத்தின் பொறுப்பாளர் ஹெர் கெல்லர் லோர்னாவைக் கூப்பிட்டார். பத்து நிமிடத்தில் வந்தாள். வந்து தன் பெட்டகத்தைத் திறந்து, செருப்பை எடுத்துப் பைக்குள் வைத்தாள்.

"என்ன?"

"இந்த மாதத்தோட சரி, கூயா."

"ஏன்?"

"கதவு திறந்தது ஆர் எண்டு கேட்டார்."

"என்ன சொன்னனி?"

"நான் எண்டு."

"விசரோ உனக்கு?" என்றேன்.

"உங்கட பாஸ்போர்ட் பேப்பர் போயிருக்கு. எனக்கு அது கையில இருக்கு. எனக்கு வேற வேலை கிடைக்கும்."

"அம்பத்தொரு வயசில ஆர் தருவினம்?"

"நண்டு பிடிக்கப் போறன்," என்றாள். சிரித்தாள். பிறகு செருப்பை வெளியே எடுத்துத் திரும்பவும் உள்ளே வைத்தாள்.

வீட்டில் மகளிடம் சொன்னேன். ஒளித்து என்ன.

"அப்பா, உங்கட முகம் அதில இல்லை."

"சத்தம் இருக்கு."

"சத்தம் ஆரின்ர எண்டு ஆருக்குத் தெரியும்?"

"எனக்குத் தெரியும்."

"அஞ்சு வருசமா இந்தப் பேப்பருக்கு ஓடித் திரியிறது நான். உங்களை இருத்தி வைச்சு மந்திரிமாரின்ர பேர் பாடமாக்கினது நான். ஆறுதரம் மறந்தனீங்கள். ஆருக்காக ஓடினனான்?"

"எனக்காக."

"அப்ப ஒண்டும் கதையாதேங்கோ."

அதற்குப் பிறகு இந்த நாட்டு ஜெர்மனில் சொன்னாள். கோபம் வந்தால் அவளுக்குத் தமிழ் போதாது. எனக்கு அந்த மொழி போதாது. அறைக்கதவு சாத்திக்கொண்டது.

அவளில் பிழை இல்லை. அவளும் என்னைக் காப்பாற்றத்தான் பார்த்தாள். இரண்டு பெண்கள் ஆளுக்கொரு பக்கம் நின்று என்னைக் காப்பாற்றுகிறார்கள். நடுவில் நான் சும்மா நிற்கிறேன்.

6

வெள்ளி காலை ஏழு மணி. வேலைச் சப்பாத்தோடு ஹெர் கெல்லரின் அறைக்குப் போனேன். அதற்கு முதல் இரண்டு தரம்தான் அங்கே போயிருக்கிறேன். வேலைக்குக் கையெழுத்து வைக்க ஒரு தரம். மனைவி போனபோது லீவு கேட்க ஒரு தரம்.

"ஹெர் கெல்லர், கதவு திறந்தது நான்."

கண்ணாடியைக் கழற்றினார். "லோர்னா தான் திறந்ததெண்டு சொன்னா."

"அது பொய். எனக்காகச் சொன்னவ."

ஹெர் கெல்லர் கணினியை என் பக்கம் திருப்பினார். வீடியோவை எடுத்து வைத்திருந்தார். ஓடவிட்டார். சிரிப்பு வந்தது. கீழே இயந்திரச் சத்தத்துக்குள் அது அவ்வளவாகத் தெரிந்திருக்காது. அந்த அறைக்குள் பெரிய சத்தமாக இருந்தது.

"இது?"

"அதுவும் நான்தான்."

இன்னொரு தரம் ஓடவிட்டார். நின்றேன்.

"ஏன் சிரிச்சனீங்கள்?"

இதற்கு நல்ல விளக்கம் ஒன்று இருந்திருக்கலாம். மனைவி, ஆஸ்பத்திரி, அந்தப் பத்து நிமிடம் எல்லாவற்றையும் சொல்லியிருக்கலாம். ஜெர்மன் வரவில்லை. வந்திருந்தாலும் சொல்லியிருக்க மாட்டேன்.

"பகிடியா இருந்தது," என்றேன்.

கண்ணாடியைத் திரும்பப் போட்டார். பிறகு எழுதினார். எனக்கு எழுத்தில் எச்சரிக்கை. லோர்னா வேலையில் இருக்கலாம், ஆனால் பொய் சொன்னதற்கு அவளை இருத்திவைத்துக் கதைக்க வேண்டும். மூன்றாவதாக, இரண்டு பேரும் பதினோராம் அறைக்குப் போக வேண்டும்.

"இது தண்டனை இல்லை," என்றார். "ஆனா போகவேணும்."

இரண்டு பேரையும் வெளியே போ என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. ஹெர் கெல்லருக்கு நான் வாயால் இன்னும் நன்றி சொல்லவில்லை. இங்கே எழுதுகிறேன்.

கீழே போனதும் லோர்னா என் தோளில் ஒரு அடி போட்டாள். நோகிற அடி. பிறகு பெட்டகத்தைத் திறந்து செருப்பைப் பழைய இடத்தில் வைத்தாள்.

7

ஃப்ராவ் எக்லிக்குத் தொண்ணூறு வயது. ரயில் நிலையத்தில் சீட்டு விற்றவர். யன்னல் பக்கம் இருந்தார், அதே ஊதாச் சுவெட்டரோடு. லிஃப்டில் பாடமாக்கிய வசனத்தை நான் சொன்னேன். கதவு திறந்தேன், சிரித்தேன், மன்னியுங்கள். லோர்னா குனிந்து, அந்த அம்மாவின் கையை எடுத்துத் தன் நெற்றியில் வைத்தாள்.

"என்ன, காய்ச்சலோ?" என்று கேட்டார் ஃப்ராவ் எக்லி. கையை எடுக்காமல் சூடு பார்த்தார். "இல்லையே."

"எங்கட நாட்டில பெரியவைக்கு இப்பிடிச் செய்யிறது."

"அப்பிடியோ. நல்ல காலம், கை கழுவினனான்." பிறகு என்னைப் பார்த்தார். "பகிடியாவோ இருந்தது?"

லோர்னாவைப் பார்த்தேன். அவள் நிலத்தைப் பார்த்தாள்.

"ஓம்," என்றேன்.

"காட்டுங்கோ."

"என்னத்தை?"

"அதைத்தான். பேரன்ர மனிசி பாத்தாச்சு, கெல்லர் பாத்தாச்சு, பிலிப்பீன்ஸ் முழுக்கப் பாத்தாச்சு. நான் மட்டும்தான் பாக்கேல்லை."

வீடியோவை மனிதர் அழித்துவிட்டார். வேறு வழியில்லை. முதுகை வளைத்து, முழங்காலை அகட்டி, கட்டிலில் இருந்து அலுமாரி வரை நடந்தேன். நான் நடிகன் இல்லை. லோர்னா முகத்தை மூடிக்கொண்டாள். ஃப்ராவ் எக்லி கடைசி வரை பார்த்தார்.

"பிழை," என்றார். "நான் இப்பிடி நடக்கிறேல்லை. இதையோ இவ்வளவு சனம் பாத்தது?"

பக்கத்தில் நின்ற தள்ளுநடை வண்டியை இழுத்தார். எழும்ப நேரம் எடுத்தது. கை கொடுக்கப் போனேன், தட்டிவிட்டார்.

"வா, வால்டர்," என்றார். வால்டர் செத்துப்போன புருசன். அந்த வண்டிக்கு அவர் பெயரை வைத்திருக்கிறார். "அறுபது வருசம் நீ பின்னாலதான் வந்தனி. இப்பவும் நான்தான் இழுக்கவேணும்."

கதவு வரை போனார். நிலைப்படியில் வண்டிச் சில்லு தடக்கியது. "காலைத் தூக்கு வால்டர், கலியாணத்தண்டும் இப்பிடித்தான் தடக்கினனி." திரும்பி வந்தார். இருந்தார். மூச்சு வாங்கியது.

"இப்பிடித்தான்," என்றார்.

முதலில் லோர்னா சிரித்தாள். பிறகு நான். அதற்குத்தான் காத்திருந்தவர் மாதிரி அந்த அம்மாவும் சிரித்தார்.

"அந்த மனிசனுக்கு எழுதுங்கோ. உடுப்பை எடுத்தவர், நல்ல பகிடியை விட்டிட்டுப் போயிட்டார்."

லோர்னா எழுதினாள். பதில் இல்லை. இரண்டு மாதத்துக்குப் பிறகு பதினோராம் அறைக்கு ஒரு பொதி வந்தது. கடிதம் இல்லை. பன்னிரண்டு பப்பாளிச் சவர்க்காரம். ஒவ்வொரு உறையிலும் அவருடைய முகம்.

"இவரோ?" ஃப்ராவ் எக்லி கண்ணாடியைப் போட்டுப் பார்த்தார். "வடிவான ஆள்."

அடுத்த கிழமை நான் உடுப்புக் கொண்டு போக, "ஒவ்வொரு நாளும் காலமை இந்த ஆளாலதான் கக்கம் கழுவுறன்," என்றார். "எனக்குக் கோவம் இல்லை எண்டு எழுதச் சொல்லுங்கோ."

லோர்னா எழுதவில்லை. "அதை அவ சொல்லவேணும், கூயா. அவர் வந்து கேட்டாச் சொல்லுவா. லிஃப்ட் அங்கதானே இருக்கு."

மனிதர் இப்போது திரும்பவும் ஃபோனில் வருகிறார். பாட்டு மட்டும். கிழவி இல்லை. திருந்தினாரா, பயந்தாரா, எனக்குத் தெரியாது. லோர்னா சில நாளில் ஃபோனைச் சவர்க்காரப் போத்தலில் சாய்த்து வைக்கிறாள். நானும் பார்க்கிறேன். நல்ல குரல்.

8

இதை எழுதத் தொடங்கியபோது கடிதம் மேசையில் கிடந்தது. நேற்று ஞாயிறு. மகள் வந்து மேசையில் இருந்தாள். நாலு வரியையும் திரும்ப வாசித்தாள்.

"அப்பா, அவ்வளவு பகிடியாவோ இருந்தது?"

ஒரு வருடத்தில் இதை அவள் கேட்டதில்லை. வேலையைப் பற்றிக் கேட்டாள், பேப்பரைப் பற்றிக் கேட்டாள். இதைக் கேட்கவில்லை.

எழும்பினேன். முதலில் அந்த மனிதரின் நடையை நடந்து காட்டினேன். பார்த்துக்கொண்டிருந்தாள். முகம் அசையவில்லை.

பிறகு குசினிக் கதிரையைப் பிடித்தேன். "வா, வால்டர்," என்றேன். கதிரையைத் தள்ளிக்கொண்டு குளிர்பெட்டி வரை போனேன். கால்மிதியில் கதிரை தடக்கியது. உண்மையாகவே தடக்கியது. "காலைத் தூக்கு வால்டர்," என்று ஏசினேன்.

மகள் சிரித்தாள். எழும்பிச் சுவரில் கையை ஊன்றிக்கொண்டு சிரித்தாள். அந்தச் சத்தத்தை நான் ஹெர் கெல்லரின் அறையில் இரண்டு தரம் கேட்டிருக்கிறேன். அதே சத்தம்தான். முகம் தாயுடையது, சிரிப்பு என்னுடையது. இவ்வளவு காலம் எனக்குத் தெரியாது.

கண்ணைத் துடைத்துக்கொண்டு பேனையை எடுத்தாள். முதல் மூன்று வரியிலும் பிழை திருத்தினாள். நாலாவதில் கை வைக்கவில்லை.